வெறும் அம்மு

அந்தத் தெருமுனையில் நின்றுகொண்டு "அம்மு" என்று ஒரு குரல் கொடுத்தால் குறைந்தது ஐந்து தலைகள் திரும்பும். அதில் ஒன்று பூனையின் தலை. இன்னொன்று பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவருடையது. வேனின் நெற்றியில் அந்தப் பெயரை எழுதி வைத்திருப்பதால் ஊர் அவரையும் அப்படியே கூப்பிடப் பழகிவிட்டது. மீசையை நீவிக்கொண்டே திரும்பிப் பார்க்க அவரும் பழகிவிட்டார். பஸ் நிறுத்தத்துக்கும் அதே பெயர்தான். ஒரு காலத்தில் அங்கே அம்மு பேக்கரி இருந்தது. அதை மூடிச் செருப்புக்கடை ஆக்கி ஒன்பது வருடம் ஆகிறது. கண்டக்டருக்கு அந்தச் செய்தி இன்னும் எட்டவில்லை. தினமும் காலை எட்டேகாலுக்கு, "அம்மு எல்லாம் இறங்குங்க, அம்மு எல்லாம் இறங்குங்க" என்று கத்துகிறார்.

அப்படி இறங்குகிறவர்களில் ஒருத்தி நிஜமாகவே அம்மு. வயது நாற்பத்துநான்கு. இது அவளைப் பற்றியது.

அவள் மூன்று பெண்களில் கடைசி. யோசித்துப் பெயர் வைக்க நேரம் கிடைக்காத வீடு. அம்மா மூன்று பேரையும் அம்மு என்றே கூப்பிட்டாள். அதில் ஒரு சௌகரியம் இருந்தது. அடுப்படியிலிருந்து "அம்மு, தண்ணி கொண்டா" என்று குரல் கொடுத்தால், யார் வந்தாலும் தண்ணீர் வந்துவிடும். அடி விழுகிற நேரத்தில்தான் ஆள் மாறிப்போகும். அக்கம்பக்கத்தார் குழம்பி, பெரிய அம்மு, நடு அம்மு, குட்டி அம்மு என்று பிரித்துக்கொண்டார்கள். கல்யாணமாகிப் போன வீட்டில், நாத்தனார் முன்கூட்டியே அம்முவாக இருந்தாள். பிறந்த வீட்டுப் பெண்ணுக்குத்தான் முதல் உரிமை என்பதால் இவள் அண்ணி அம்மு ஆனாள். கணவர் இந்த வம்பே வேண்டாமென்று "இந்தா, கேக்குதா?" என்று கூப்பிட ஆரம்பித்து, இருபத்துமூன்று வருடமாக அதையே பிடித்துக்கொண்டிருக்கிறார்.

அடையாள அட்டையில் அவளுக்கு நீளமாக, அழகாக ஒரு பெயர் உண்டு. ஆஸ்பத்திரியில் அதைச் சொல்லிக் கூப்பிட்டால், யாரப்பா அது என்று அவளும் சேர்ந்து தேடுவாள்.

பெயர் பொதுச்சொத்தாக இருப்பதில் அவளுக்கு வருத்தமில்லை. ஆனால் சின்னதாக ஓர் ஆசை இருந்தது. முன்னால் எதையும் ஒட்டாமல், வெறும் அம்மு என்று யாராவது சொல்ல வேண்டும்; அது அவளை மட்டும் குறிக்க வேண்டும். இதை வெளியில் சொன்னால் சிரிப்பார்கள் என்பதால் யாரிடமும் சொன்னதில்லை.

வேலை செய்கிற இடத்தில் அவள் காஜா அம்மு. காஜா என்றால் சட்டையில் பட்டன் நுழைகிற ஓட்டை. இரும்புச் சாமான் கடைக்கு மேலே, இரண்டாவது மாடியில், பள்ளிச் சீருடை தைக்கிற இடம் அது. இருபத்திரண்டு மெஷின், இருபத்திரண்டு ஸ்டூல், நடுவில் துணி வண்டி ஒன்று மட்டும் போகிற அளவுக்கு வழி. அங்கே மொத்தம் நான்கு அம்முக்கள். காலர் வைக்கிறவள் காலர் அம்மு. ஓரம் அடிக்கிற மெஷினில் இருக்கும் சின்னப்பெண் ஓவர்லாக் அம்மு. இஸ்திரி போடுகிறவள் அயர்ன் அம்மு. இவர்களை மேய்க்கிறவர் ஒரு சூப்பர்வைசர். கையில் எப்போதும் மர ஸ்கேல் வைத்திருப்பார். அதை வைத்து அவர் எதையும் அளந்து யாரும் பார்த்ததில்லை. பேசும்போது காற்றில் கோடு போடுவதற்குத்தான். முதுகுக்குப் பின்னால் அவர் பெயர் ஸ்கேல். முகத்துக்கு நேரே ஸார்.

இருபத்திரண்டு வருடத்தில் காஜா அம்மு போட்ட ஓட்டைகளில் ஒன்றுகூடக் கெட்டுத் திரும்பி வந்ததில்லை. புதிதாக வருகிறவர்களிடம் ஸ்கேல் அவள் காஜாவைக் காட்டி, "இப்படி இருக்கணும். இப்படி வரலன்னா வேற வேலை பாரு" என்பார். அவள் காதில் விழாத மாதிரி நூல் கோத்துக்கொண்டிருப்பாள். அன்றைக்கு மட்டும் நூல் ஒரே தடவையில் ஊசிக்குள் போகாது.

அந்த வருடம் அவள் முதுகு மக்கர் பண்ண ஆரம்பித்தது. முதலில் குனிந்தால் வலித்தது. பிறகு நிமிர்ந்தால் வலித்தது. பிறகு தும்மினால்கூட இடுப்பில் யாரோ கத்தரிக்கோலை நுழைத்துத் திறந்த மாதிரி இருந்தது. டாக்டரிடம் போனாள்.

"என்ன வேலை பண்றீங்க?"

"காஜா போடறேன் டாக்டர்."

"அப்படின்னா?"

"உங்க சட்டையில பட்டன் நுழையுது பாருங்க, அந்த ஓட்டை."

டாக்டர் குனிந்து தன் சட்டையைப் பார்த்தார். அவளும் எட்டிப் பார்த்தாள். "இது மெஷினைச் சரியா வைக்காம போட்டது. ஓரத்துல நூல் பிரியுது பாருங்க. துவைக்கத் துவைக்க வாயைப் பொளந்துக்கும்."

டாக்டர் வெள்ளைக் கோட்டை இழுத்து மூடிக்கொண்டார். "ஒரு நாளைக்கு எவ்வளவு நேரம் உக்காருவீங்க?"

"ஒன்பது மணி நேரம்."

"சாய்மானம் இருக்கா?"

"ஸ்டூலுக்கு ஏது டாக்டர் சாய்மானம்?"

"இனிமே சாய்மானம் இல்லாம உக்காரக்கூடாது. இதே மாதிரி இன்னும் ரெண்டு மாசம் போச்சுன்னா நடக்கறதே கஷ்டமாயிடும். சாய இடமில்லன்னா வேலையை விட்டுடுங்க."

"மாத்திரை ஏதாவது..."

"எழுதித் தரேன். ஆனா மாத்திரை மேல சாய முடியாதும்மா."

வீட்டில், முதுகு பிடித்திருக்கிறது என்று மட்டும் சொன்னாள். கணவர் மரக்கடையில் வேலை செய்கிறவர். அன்றைக்கே ஒரு பலகையை இழைத்து, ஸ்டூலில் மாட்டுகிற மாதிரி சாய்மானம் செய்து கொடுத்துவிட்டார். அதைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறினாள். "என்னக்கா, வீட்டுக் கதவைக் கழட்டிட்டுக் கிளம்பிட்டீங்க?" என்றார் கண்டக்டர். மாடியில் அதை மாட்டி உட்கார்ந்து பத்து நிமிடம்கூட ஆகவில்லை, துணி வண்டி வந்து முட்டியது. ஸ்கேல் வந்து காற்றில் ஒரு கோடு போட்டார். "வழியை அடைக்குதேம்மா. அதுவும் இல்லாம, உங்களுக்கு ஒண்ணு வச்சா இருபத்தியொரு பேரும் பலகையோட வருவாங்க. இது தையல் கம்பெனியா, சினிமாக் கொட்டகையா?" பலகை அதே பஸ்ஸில் திரும்பியது. அதே கண்டக்டர். டிக்கெட்டை மட்டும் கிழித்துக் கொடுத்தார். அவள் முகம் அப்படி இருந்தது.

வேலையை விடுவது என்றால், மகளுக்குக் கல்லூரியில் இன்னும் ஒரு வருடம் பாக்கி இருந்தது. அது வீட்டில் சொல்லக்கூடிய காரணம். சொல்ல முடியாத காரணமும் ஒன்று இருந்தது. அந்த மாடியை விட்டால் வேறெங்கும், இப்படி இருக்கணும் என்று அவளை யாரும் காட்டப்போவதில்லை.

சாய்மானமுள்ள நாற்காலி அந்த மாடியில் ஒன்றே ஒன்றுதான் இருந்தது. ஜன்னலோரம், தைத்து முடித்த சட்டைகளைப் பார்த்து நல்லது கெட்டது பிரிக்கிற செக்கிங் மேசைக்குப் பின்னால். இரண்டு பக்கமும் கைப்பிடி. பஞ்சு கொஞ்சம் எட்டிப் பார்க்கும். அதில் உட்கார்ந்திருந்த அம்மாள் ஒரு மாதத்துக்கு முன்னால் மகன் வீட்டோடு போய்விட்டார். அதிலிருந்து ஸ்கேலே நின்றுகொண்டு செக்கிங் பார்த்தார். பார்த்தார் என்றால், சட்டைகள் அவருக்கு முன்னால் நடந்து போயின.

ஒரு திங்கட்கிழமை காலையில் ஸ்கேல் கைபேசியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு வந்து எல்லா மெஷினையும் நிறுத்தச் சொன்னார். மேடத்திடமிருந்து தகவல். மேடம் என்பவர் பழைய முதலாளியின் மகள், வெளியூரில் இருக்கிறார், பொறுப்பேற்று மூன்று மாதம்தான், இதுவரை இரண்டு தடவை வந்து போயிருக்கிறார். ஸ்கேல் சத்தமாகப் படித்தார்:

"அம்முவை மெஷினிலிருந்து எடுத்து செக்கிங் மேசையில் உட்கார வைக்கவும். சனிக்கிழமை வருகிறேன்."

"ரொம்ப நன்றி ஸார்" என்று நான்கு குரல்கள் ஒரே நேரத்தில் கேட்டன.

ஸ்கேல் கைபேசியை இன்னொரு தடவை பார்த்தார். அதில் வேறொன்றும் இல்லை.

காலர் அம்முதான் முதலில் எழுந்தாள். "இதுல யோசிக்க என்ன இருக்கு? போன தடவை மேடம் வந்தப்போ என் காலரைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தாங்க. அப்பவே நெனச்சேன்."

"காலர் விறைப்பா நிக்குதேன்னு பார்த்திருப்பாங்க" என்றாள் அயர்ன் அம்மு. "அது நிக்கறது என் இஸ்திரியில."

"மெஷினிலிருந்துன்னு போட்டிருக்காங்கல்ல? நீ எந்த மெஷின்ல இருக்க?"

"கரண்டுல ஓடறது எல்லாம் மெஷின்தான்."

"அக்கா, மேடம் என்னைப் பார்த்து சிரிச்சாங்க" என்றாள் ஓவர்லாக் அம்மு.

"உன்னைப் பார்த்தா எல்லாருக்கும் சிரிப்பு வரும்டி. ரெண்டு காலுலயும் வேற வேற செருப்பு போட்டுட்டு வந்திருக்க, பாரு."

ஓவர்லாக் அம்மு குனிந்து பார்த்தாள். உண்மைதான். வீட்டில் ஐந்து மாதக் குழந்தை, தூங்க விடுவதில்லை.

"நீங்க ஒண்ணும் சொல்லலையேம்மா?" என்று ஸ்கேல் காஜா அம்முவைக் கேட்டார்.

அவள் அந்த நாற்காலியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "நான் என்ன ஸார் சொல்றது? மேடம் என் பேரைத்தான எழுதியிருக்காங்க?"

"எங்க பேரும் அதானே!" என்றார்கள் மற்ற மூவரும்.

மேடத்துக்கு ஒரு போன் போட்டுக் கேட்டால் முடிகிற விஷயம். ஆனால் மேடம் பொறுப்பேற்ற முதல் நாளில் ஸ்கேல் பதினொரு தடவை போன் செய்திருந்தார். அதில் ஒன்று, குழாய் சொட்டுகிறது என்பதற்காக. பதினொன்றாவது தடவை மேடம், "இனிமே போன் வந்தா, உங்களுக்குச் சொந்தமா முடிவெடுக்கத் தெரியலன்னு நெனச்சுப்பேன்" என்று சொல்லியிருந்தார். அதனால் ஸ்கேல் சொந்தமாக முடிவெடுத்தார்.

"நாளையிலிருந்து ஆளுக்கு ஒரு நாள். நாலு பேரும் உக்காந்துடுங்க. சனிக்கிழமை மேடம் வந்து யாரைச் சொன்னேன்னு காட்டினாலும், அவங்க உக்காந்தவங்களாத்தான இருப்பாங்க?"

இதில் எங்கோ கோளாறு இருக்கிறதென்று எல்லாருக்கும் தோன்றியது. எங்கே என்று யாருக்கும் பிடிபடவில்லை.

செவ்வாய்க்கிழமை அயர்ன் அம்முவின் முறை. பதினேழு வருடமாக நின்றே வேலை செய்த உடம்பு. உட்கார்ந்தாள், எழுந்தாள், மறுபடி உட்கார்ந்தாள். "இதென்னடி, தொடை ரெண்டும் சும்மா இருக்கு, ஒரு மாதிரியா இருக்கு" என்று எழுந்துவிட்டாள். அதற்கப்புறம் நாள் முழுக்க நின்றுகொண்டே சட்டை பார்த்தாள். நாற்காலியில் அவளுடைய கைப்பையை வைத்திருந்தாள். காஜா அம்மு ஸ்டூலில் வளைந்து உட்கார்ந்து, இடுப்பை ஒரு கையால் பிடித்துக்கொண்டு அந்தப் பையைப் பார்த்தாள். பை நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்திருந்தது.

புதன்கிழமை காலர் அம்மு. எண்பது சட்டைக்கு அறுபத்தைந்தைத் திருப்பி அனுப்பினாள், வாயாலும் அனுப்பினாள். "இது கையா, யானைத் தும்பிக்கையா?" "இந்தத் தையலைப் போட்டப்போ மெஷின் ஓடுச்சா, மாடி ஆடுச்சா?" மத்தியானத்துக்குள் பாதிப் பேர் அவளோடு பேசுவதை நிறுத்திவிட்டார்கள். மூன்று மணிக்கு அவள் வீசியெறிந்த சட்டை ஒன்றைப் பார்த்தால், காலர் கோணலாக இருந்தது. அதை மட்டும் அவள் எழுந்து போய்த் தானே எடுத்து வந்தாள்.

வியாழக்கிழமை ஓவர்லாக் அம்மு. அந்த நாற்காலிக்கு இப்படி ஒரு மகிமை இருப்பது அன்றைக்குத்தான் தெரிந்தது. பதினொன்றரை மணிக்குத் தலை சாய்ந்தது. கையில் பிடித்த சட்டையோடு தூங்கிப்போனாள். அவளை எழுப்ப வந்த ஸ்கேல், அவள் முகத்தைப் பார்த்துவிட்டு, ஸ்கேலை உதட்டில் வைத்து எல்லாரையும் அமைதியாக இருக்கச் சொன்னார். நாற்பது நிமிடம் அந்த மாடியில் எல்லாரும் கிசுகிசுவென்று பேசினார்கள். மெஷின்கள் மட்டும் அவை பாட்டுக்குக் கத்திக்கொண்டிருந்தன; அதற்கெல்லாம் அவள் அசையவில்லை. காலர் அம்மு மட்டும், "எனக்கு இப்படி ஒரு தூக்கம் வாய்ச்சா சட்டையாவது, மண்ணாவது" என்றாள்.

அன்று மாலை, வீட்டில் மகளிடம் இந்தக் கூத்தையெல்லாம் சொல்லும்போது, டாக்டர் சொன்னதும் கூடவே வாயிலிருந்து வந்துவிட்டது. மகள் பாத்திரம் துலக்குவதை நிறுத்தினாள்.

"ரெண்டு மாசம்னு எப்ப சொன்னாரு?"

"ஏழு வாரம் இருக்கும்."

"அம்மா!"

"கத்தாத, அப்பா முழிச்சுப்பாரு."

"மேடம் உன்னைத்தான் சொல்லியிருந்தாங்கன்னா சரி. வேற யாரையோ சொல்லியிருந்தா?"

"மூணு மாசமா பார்க்கறாங்க. என் வேலையைப் பார்த்துத்தான எழுதியிருப்பாங்க?"

"ரெண்டே தடவை வந்த ஆளு உன் வேலையை எங்கம்மா பார்த்தாங்க? நீ போய் எனக்கு முதுகு வலி, அந்த நாற்காலி வேணும்னு நேரா கேளேன்."

"கேட்டா குடுத்துடுவாங்களா?"

"கேக்காம எதைக் குடுத்தாங்க?"

"படிக்க வச்சா எதிர்க்கேள்விதான் கேக்கத் தெரியுது" என்று அம்மு எழுந்துபோனாள். ஆனால் படுக்கையில் வெகு நேரம், வெறும் அம்மு என்று எழுதிய அந்த ஒரு வரியையே உருட்டிக்கொண்டிருந்தாள். சாய்மானத்துக்காக மட்டுமா அதை நம்புகிறோம் என்று அவளுக்கே சந்தேகமாக இருந்தது.

வெள்ளிக்கிழமை அவள் முறை வந்தது. நாற்காலியில் மெதுவாக உட்கார்ந்து பின்னால் சாய்ந்தாள். முதுகெலும்பு ஒவ்வொரு கணுவாகப் பின்னால் போய், பஞ்சைத் தொட்டு, அங்கேயே தங்கிவிட்டது. கண்ணில் தண்ணீர் வந்தது. யாராவது பார்த்தால் வம்பு என்று ஒரு சட்டையை எடுத்து முகத்துக்கு நேராகப் பிடித்து, தோள் தையலைப் பார்க்கிற மாதிரி துடைத்துக்கொண்டாள். அன்றைக்கு எண்பது சட்டையில் ஒன்பதைத் திருப்பினாள். ஒவ்வொன்றிலும் தப்பு இருக்கிற இடத்தில் சாக்குக்கட்டியால் சின்னதாக ஒரு வட்டம். யாரையும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. சாயங்காலம் வரை அவளுக்குத் தும்மல் வந்தாலும் பரவாயில்லை என்று இருந்தது. வரவில்லை.

சனிக்கிழமை பத்து மணிக்கு மேடம் வந்தார். நான்கு பேரும் நல்ல உடுப்பு உடுத்தி வந்திருந்தார்கள். ஓவர்லாக் அம்முவின் செருப்புகூட ஒரே ஜோடி. ஸ்கேல் அவர்களை வரிசையாக நிறுத்தி, "மேடம், அம்மு" என்றார்.

"இதுல யாரு?"

"நாலு பேருமே மேடம்."

மேடம் நான்கு முகங்களையும் பார்த்துவிட்டு ஸ்கேலைப் பார்த்தார். "அம்முன்னு ஒருத்தர்தான் இருக்காங்கன்னு நெனச்சேன்."

நான்கு முகங்களும் லேசாகச் சுருங்கின. மேடம் பையிலிருந்து ஒரு சின்னச் சட்டையை எடுத்து மேசையில் விரித்தார். பள்ளிச் சீருடை. அதன் பாக்கெட்டை மேலேயும் சேர்த்து நாலா பக்கமும் தைத்து மூடியிருந்தது. மேல் தையல் மண்புழு போன மாதிரி நெளிந்திருந்தது. பாதி வரை யாரோ அதைப் பிரித்திருந்தார்கள்.

"ஒரு சின்னப் பையன் நாள் பூரா இதுல பேனா வைக்கப் பார்த்திருக்கான். பேனா கீழ விழுந்துக்கிட்டே இருந்திருக்கு. வகுப்பே சிரிச்சிருக்கு. அவங்க அம்மா பிரிச்சுப் பார்த்தா, உள்ள இது இருந்துச்சு." ஒரு துண்டுச் சீட்டை எடுத்து வைத்தார். அதில் அம்மு என்று அச்சடித்திருந்தது. "இந்த அம்முவை மெஷின்ல வச்சா இன்னும் எத்தனை பாக்கெட்டை மூடுவாங்களோன்னுதான், தூக்கி மேசையில உக்கார வைக்கச் சொன்னேன். யாரு அது?"

நடந்தது இதுதான். பள்ளி திறக்கிற அவசரத்தில் பத்து நாள், இஸ்திரி போடுகிறவள் தவிர எல்லாரும் ஆளுக்கு முழுச் சட்டையாகத் தைத்துத் தள்ளினார்கள். யார் தைத்தது என்று தெரிவதற்காக, பாக்கெட்டில் பெயர்ச் சீட்டுப் போட வேண்டும். ஸ்கேல் அவற்றைக் கம்ப்யூட்டரில் அடித்தபோது, வேலை மிச்சம் என்று அம்முக்கள் எல்லாருக்கும் ஒரே கட்டு அடித்துவிட்டார். சீட்டுகள் பாக்கெட்டிலிருந்து விழுந்துகொண்டே இருந்தன. "சீட்டு பத்திரமா இருக்கணும், விழக்கூடாது, என்ன பண்ணுவீங்களோ" என்று ஸ்கேல் கத்தினார். யாரோ ஒருத்தி பத்திரமாக வைத்துவிட்டாள்.

ஐந்து நாளாக, நான்தான் அந்த அம்மு என்று சொன்ன வாய்கள் இப்போது வேறு பேசின.

"நான் அந்த வாரம் பாக்கெட் பக்கமே போகல மேடம்" என்றாள் காலர் அம்மு.

"எனக்கு மெஷின்ல உக்காரவே வராது மேடம். யாரை வேணும்னாலும் கேளுங்க. நாற்காலியில உக்காரவே வராது" என்றாள் அயர்ன் அம்மு.

"நான் லீவுல இருந்தேன்னு நெனைக்கறேன் மேடம்" என்றாள் ஓவர்லாக் அம்மு, தரையைப் பார்த்து.

காஜா அம்முவுக்குக் காது இரண்டும் சூடாக இருந்தது. வெறும் அம்மு என்று அவள் ஐந்து நாள் மடியில் வைத்துக் கொஞ்சிய பெயர், கோணல் தையலுக்குச் சொந்தமான பெயர். அதற்கும் அவளுக்கும் சம்பந்தமில்லை. அவள் சீட்டைப் பாக்கெட்டில் போடுவதே இல்லை. மேல் பட்டனுக்கு அடியில் குண்டூசி குத்தி வைப்பாள். திங்கட்கிழமை மறுபடி ஸ்டூல். அவள் மகள் சொன்ன வழியைப் பிடித்தாள்.

"மேடம், எனக்கு முதுகு..."

"அதெல்லாம் அப்புறம் பார்க்கலாம்மா. முதல்ல இது யாருன்னு எனக்குத் தெரியணும். யாரும் சொல்லலன்னா விடுங்க. மேசைக்கு நான் வெளியிலிருந்து ஆள் எடுத்துக்கறேன்."

மேடத்தின் கை சட்டையை மடிக்க ஆரம்பித்தது. அது மடிந்து பைக்குள் போய்விட்டால், நாற்காலியும் கூடவே போய்விடும்.

"அந்த அம்மு நான்தான் மேடம்" என்றாள்.

ஸ்கேலின் கையிலிருந்த ஸ்கேல் தாழ்ந்தது.

"இவளா?" என்றாள் காலர் அம்மு. "மேடம், இவ பொய் சொல்றா. இவ தையல்ல இருபது வருஷமா ஒரு நூல்கூட..." காஜா அம்மு அவள் காலை ஓங்கி மிதித்தாள். "ஆ! ஏண்டி?"

"நீ சும்மா இரு. நான் தப்பு பண்ண மாட்டேனா? என்னால முடியாதுன்னு நெனச்சியா?"

மேடத்துக்குச் சந்தேகம் வந்தது. இன்னொரு சட்டையை எடுத்துக் கொடுத்தார். "எப்படி மூடினீங்கன்னு தைச்சுக் காட்டுங்க. அதே கையான்னு பார்க்கலாம்."

காலி மெஷின் ஒன்றில் போய் உட்கார்ந்தாள். ஸ்டூல்தான். எல்லாரும் சுற்றி நின்றார்கள். பாக்கெட்டின் வாயை ஊசிக்கு அடியில் வைத்தாள். கோணலாகத் தைக்க வேண்டும், அவ்வளவுதானே. ஓவர்லாக் அம்மு தூக்கத்தில் செய்வாள். அவள் பாதம் அழுத்தியது, துணி நகர்ந்தது, தையல் நூல் பிடித்த மாதிரி நேராகப் போனது. துணியை இடதுபக்கம் இழுத்துப் பார்த்தாள். விரல்கள் அவளைக் கேட்காமல் வலதுபக்கம் இழுத்துச் சரி செய்துவிட்டன. கண்ணை மூடிக்கொண்டாள். அப்போதும் நேர். இவ்வளவு வருடம் சோறு போட்ட கை, இன்றைக்கு ஒரே ஒரு தடவை அவள் சொல் கேட்க மாட்டேன் என்கிறது. அரைப் பாக்கெட் வந்தாயிற்று. மேடம் குனிந்து பார்த்தார்; புருவம் உயர்ந்தது.

பதற்றத்தில் அவளும் இன்னும் குனிந்தாள். இடுப்பில் அந்தக் கத்தரிக்கோல் நுழைந்து திறந்தது.

உடம்பு ஒரு பக்கம் துள்ளியது. தையல் வெட்டிப் பாய்ந்து, நெளிந்து, திரும்பி, பாக்கெட்டின் மறு ஓரத்தில் மண்புழுவாகப் போய் விழுந்தது. அவள் மெஷினைப் பிடித்துக்கொண்டு மூச்சு விட்டாள்.

மேடம் இரண்டு சட்டைகளையும் பக்கத்துப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். "அதே கைதான்" என்றார். "பாதி வரைக்கும் சரியாப் போகுது, திடீர்னு என்னமோ ஆயிடுது. நீங்க இனிமே மெஷின் பக்கம் போகாதீங்கம்மா. மேசையிலயே இருங்க. பார்க்கறதை மட்டும் பாருங்க."

"சரிங்க மேடம்" என்றாள் அம்மு. வலியில் குரல் அழுகிற மாதிரி வந்தது. அது வெட்கத்தில் வந்ததென்று மேடம் நினைத்து, தோளைத் தட்டிக்கொடுத்துவிட்டுப் போனார்.

திங்கட்கிழமை காஜா மெஷினில் புதிதாக ஒருத்தி உட்கார்ந்தாள். ஸ்கேல் அவளிடம் பழைய சட்டை ஒன்றைத் தூக்கிப் பிடித்து, "இப்படி இருக்கணும்" என்று ஆரம்பித்தார். "இது யாரு ஸார் போட்டது?" என்று அவள் கேட்டாள். ஸ்கேல் ஜன்னல் பக்கம் ஒரு தடவை பார்த்தார். "முன்னாடி ஒருத்தங்க இருந்தாங்க" என்று சொல்லி, சட்டையைக் கீழே வைத்துவிட்டார். மேசையிலிருந்தவளுக்கு அது தெளிவாகக் கேட்டது. கொஞ்ச நேரம் அவள் கையிலிருந்த சட்டையில் எதுவும் தெரியவில்லை.

மத்தியானம் ஓவர்லாக் அம்மு தண்ணீர் குடிக்க வருகிற சாக்கில் மேசைப் பக்கம் வந்தாள். "அக்கா, அந்த வாரம் எனக்கு ராத்திரி தூக்கமே இல்லக்கா. சீட்டு விழுந்துடக்கூடாதேன்னு..." என்று இழுத்தாள்.

"போய் வேலையைப் பாருடி. உன் செருப்பு இன்னிக்கு மறுபடியும் வேற வேற."

புதுப் பெயர் வருவதற்கு இரண்டு நாள்கூட ஆகவில்லை. புதன்கிழமை காலையில், மடிப்புக் கலைந்த ஒரு காலரில் வட்டம் போட்டுத் திருப்பி அனுப்பினாள். காலர் அம்மு அந்தச் சட்டையைத் தூக்கிக்கொண்டு நேராக வந்து, மாடி முழுக்கக் கேட்கிற மாதிரி, "பாக்கெட் வாயையே தைச்சு மூடினவ, என் காலருக்குக் குத்தம் சொல்ல வந்துட்டா! கேளுங்கடி நியாயத்தை! பாக்கெட் அம்மு எனக்குப் பாடம் எடுக்கறா!" என்றாள்.

இருபத்திரண்டு மெஷின்களும் சிரித்தன. யாரோ, "பாக்கெட் அம்மு" என்று இன்னொரு தடவை சொல்லிப் பார்த்தார்கள். வாய்க்கு நன்றாக இருந்தது போலிருக்கிறது. மூன்றாவது தடவையும் யாரோ சொன்னார்கள்.

பழைய ஸ்டூலில் இருந்திருந்தால் அவள் எழுந்து நின்று பதிலுக்குப் பதில் கொடுத்திருப்பாள். இப்போது இரண்டு கைகளையும் நாற்காலியின் கைப்பிடிகளில் வைத்து, முதுகை முழுவதுமாகப் பின்னால் சாய்த்துக்கொண்டு, காலர் அம்மு சொல்லி முடிக்கும்வரை கேட்டாள்.

"முடிச்சிட்டியா? இடதுபக்க முனை ஒரு நூல் ஏறியிருக்கு. பிரிச்சுப் போடு."